கோன் ஆத்தா ஹை?

கதவைத் தட்டிவிட்டு "நான்தான்" என்று சொன்னால் அவர் திறக்க மாட்டார்.

"எல்லாரும் நான்தான்னுதான்டா சொல்றான். அதுவும் நான்தான்னுதான் சொல்லுது. அப்புறம் இன்னா வித்தியாசம்?" என்பார். 'அது' எது என்று பிறகு சொல்கிறேன். முதலில் கதவைச் சொல்லவேண்டும். அவரை நினைத்தால் முகத்துக்கு முன்னால் எனக்குக் கதவுதான் வருகிறது.

சுனாமிக்குப் பிறகு, கேம்பல் பே என்கிற இந்தத் தீவு ஊரில், மேட்டு நிலத்தில் வரிசை வரிசையாகத் தகர ஷெல்டர் போட்டுக்கொடுத்தார்கள். எங்கள் வரிசையில் கடைசி அறை அவருடையது. அதற்கு முந்தைய அறை எனக்குக் கிடைத்தது. நடுவில் ஒரே ஒரு தகரம்தான் சுவர். அவர் அந்தப் பக்கம் தும்மினால் இந்தப் பக்கம் ஆணியில் தொங்கும் என் சட்டை ஆடும். நான் கச்சால் தீவு ரப்பர் தோட்டத்தில் வளர்ந்தவன். சிலோனிலிருந்து வந்த குடும்பம். எங்கள் ஆட்களில் பலரைக் கடல் கொண்டுபோன பிறகு, ஷெல்டர் கட்டும் காண்டிராக்டரோடு வேலைக்காகக் கேம்பல் பே வந்தேன். வந்த அன்று சாயங்காலம், பக்கத்து அறைக்காரரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிடலாம் என்று போய்க் கதவைத் தட்டினேன். அதற்கே எனக்கு ரொம்ப நேரம் பிடித்தது. புது ஆட்களிடம் பேசப் போனால் எனக்குக் கை எங்கே வைப்பது என்று தெரியாது.

"தம்!" என்று உள்ளேயிருந்து ஒரு குரல் வெடித்தது.

பெரியவர் சிகரெட் கேட்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். கதவுக்கும் சட்டத்துக்கும் நடுவில் விரல் நுழையும் அளவுக்குச் சந்து இருந்தது. மடியிலிருந்து ஒரு பீடியை எடுத்து அந்தச் சந்து வழியாக நீட்டினேன்.

உள்ளேயிருந்து ஒரு விரல் அதைத் தொட்டுப் பார்த்தது. பிறகு, "இன்னாடா இது?"

"பீடிங்க ஐயா. சிகரெட் இல்லீங்க."

கதவு கொஞ்சம் திறந்தது. ஒரு கண் மட்டும் தெரிந்தது.

"பட்டாளத்துல கார்டு நிக்கறவன் கேக்கறதுடா இது. தம்னா நில்லுன்னு அர்த்தம். தம், கோன் ஆத்தா ஹை? வர்றது யாருன்னு கேக்கறேன். நீ தோஸ்த்துன்னு பதில் சொல்லணும். பீடி நீட்டற. ஹிந்தி தெரியாதா?"

"தெரியுங்க. இந்த ஹிந்தி தெரியாதுங்க."

கண் என்னை மேலும் கீழும் பார்த்தது. பீடி உள்ளே போனது. கதவு சாத்திக்கொண்டது.

அவர் பெயரை எழுதப் போவதில்லை. இன்று உயிரோடு இருந்திருந்தால், "என் பேரை எவன் கேட்டான்னு எழுதினே?" என்று முதலில் என்னைத்தான் சந்தேகப்படுவார். ஊரே அவரை ஹவில்தார் என்றுதான் கூப்பிட்டது. வேலூர்ப் பக்கத்து ஆள். பட்டாளத்திலிருந்து வந்தவர்களுக்கு அரசாங்கம் இங்கே நிலம் கொடுத்த காலத்தில், மனைவியோடு கப்பல் ஏறி வந்து, கடலோரத்தில் தென்னையும் பாக்கும் வைத்தவர். சுனாமி வந்த அந்தக் காலைப்பொழுதில் நிலம் ஆடியபின் கடல் உள்வாங்கியது. அவர் மனைவி மற்றப் பெண்களோடு பார்க்கப் போனார். இவர் மாட்டை அவிழ்க்க மேட்டுக்குப் போயிருந்தார்.

"கடல் வாபஸ் போயிடுச்சுன்னு நம்புனா" என்று ஒரே ஒரு முறை சொன்னார். அதற்கு மேல் அதைப் பற்றிப் பேசியதில்லை.

அவருக்கு மனைவி போனதால்தான் இப்படி ஆகிவிட்டது என்று சிலர் சொல்வார்கள். பழைய ஆட்கள் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். முன்பிருந்தே அப்படித்தானாம். தன் தென்னந்தோப்புக்குள் போகும்போதும் ஒரு தடவை நின்று பார்த்துவிட்டுத்தான் போவாராம். நான் பார்த்த காலத்தில், எதைக் கொடுத்தாலும் அவர் கேட்பது ஒரே கேள்வி.

"தப்பு எங்க?"

பப்பாளிப் பழத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக் கேட்பார். வந்து பேசிவிட்டுப் போகும் அதிகாரியின் முதுகைப் பார்த்துக் கேட்பார். நாங்கள் முடுக்கிய போல்ட்டுகள் எல்லாம் நேராக இருந்தால், விரலால் தடவிக்கொண்டே, "எல்லாம் சரியா இருக்குதே. தப்பு எங்கடா?" என்பார். ஒரு போல்ட் கோணலாக இருந்துவிட்டால் முகம் தெளிந்துவிடும். அந்தச் சுவர்மேல்தான் சாய்வார்.

நான் கொடுத்த பீடியை அவர் குடிக்கவில்லை. மறுநாள் பார்த்தேன், கதவுச் சட்டத்துக்கு மேலே தகர விளிம்பில் படுக்கவைத்திருந்தார். அங்கேயே கிடந்தது.

எதிர் வரிசையில் ஒரு தெலுங்கு அம்மாள் பஜ்ஜி போட்டு விற்றார். எல்லோருக்கும் அவர் வதினா. அண்ணிக்குத் தெலுங்கில் அப்படித்தான் சொல்வார்களாம். வதினா முதல்முறை ஹவில்தார் கதவைத் தட்டியபோதும் "கோன் ஆத்தா ஹை?" என்ற சத்தம் வந்திருக்கிறது. அவர் பாஷையில் அத்த என்றால் மாமியார்.

"எந்த அத்த? எங்க அத்த விசாகப்பட்டினத்துல இருக்குது. இங்க எதுக்கு வருது? பஜ்ஜி வேணுமா வேணாமா, அதச் சொல்லு!"

அன்றிலிருந்து வதினாவை மட்டும் ஹவில்தார் கேள்வி கேட்காமல் விடுவார் என்று சொல்லமுடியாது. ஆனால் பதில் வருவதற்குள் கதவைக் கொஞ்சம் திறந்துவிடுவார்.

இனி, அது.

அவர் ஒரு டிவி வைத்திருந்தார். கூரைமேல் ஒரு டிஷ். ராத்திரியில் கரண்ட்டை நம்பமுடியாது. அதனால் ராத்திரித் தொடர் ஒன்றை, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மறுபடி போடும்போதுதான் பார்ப்பார். தகரம் கொதிக்கிற வெயிலில் பேய்த்தொடர். எனக்கு உள்ளே போய் உட்காரக் கூச்சம். அவரும் கூப்பிடவில்லை. சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டு என் பக்கத்திலிருந்தே கேட்பேன். முதல் சீசன் முழுவதையும் நான் காதால்தான் பார்த்தேன். காதுக்குப் பிடிபடாததைப் பிறகு அவர் கதவுச் சந்து வழியாகச் சொல்வார். ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். இந்தத் தீவில் சீசன் என்றால் கடல் அடங்கிக் கப்பல் ஒழுங்காக வரும் மாதங்கள். தொடருக்கும் சீசன் உண்டு என்று அவர் சொன்னபோது, மழைக்காலத்தில் பேயும் வராது போலிருக்கிறது என்றுதான் நினைத்தேன்.

கதை இதுதான். ஹிந்தி பேசும் ஒரு மலை ஊர். அங்கே ஒரு லேடி டாக்டர். அவருக்கு ஜீப் ஓட்டும் கொழுந்தன். வாரம் ஒரு வீடு. சாவு நடந்த வீட்டுக்கு, செத்துப்போனவரின் முகத்தோடு 'அது' வரும். அதற்குத் தொடரில் பெயரே கிடையாது. 'வோ' என்பார்கள், ஹிந்தியில் 'அது'. கதவை மூன்று தடவை மெதுவாகத் தட்டும். "மே ஹூம்" என்று செத்தவர் குரலிலேயே சொல்லும். நான்தான். அழுதுகொண்டிருக்கிற வீடு அல்லவா? ஓடிப்போய்த் திறந்துவிடுவார்கள்.

"திறக்காதடி! ஏய், திறக்காதடி!" என்று ஹவில்தார் தமிழில் கத்துவார். அந்தப் பெண் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை.

அதை எப்படிக் கண்டுபிடிப்பது? அங்கேதான் அந்தத் தொடர் என்னைப் பிடித்துக்கொண்டது. அதற்குக் கொம்பு கிடையாது, கால் திரும்பியிருக்காது, நிழல் விழும். அது தப்பே செய்யாது. அவ்வளவுதான். செத்தவருக்குத் தெரிந்ததெல்லாம் அதற்கும் தெரியும், இன்னும் சுத்தமாகத் தெரியும். ஒரு தையல்காரர் திரும்பி வருவார். சட்டை தைத்துக்கொடுப்பார். டாக்டர் அம்மாள் அந்தச் சட்டையை அவர் மனைவியிடம் காட்டி, பித்தானைப் பார் என்பார். உயிரோடு இருந்தபோது அவர் தைத்த எந்தச் சட்டையிலும் கடைசிப் பித்தான் கொஞ்சம் தள்ளித்தான் இருக்கும். இதில் எல்லாம் நேர்கோட்டில் இருக்கும். மனைவி வாயைப் பொத்திக்கொள்வார். இன்னொரு வாரம், ஆற்றோடு போன பிள்ளை வீடு வந்து சேரும். வாய்ப்பாடு சொல்லச் சொன்னால் ஓரிடத்தில்கூடத் தடுக்காமல் சொல்லிக்கொண்டே போகும். பெற்றவள் எழுந்து சுவரோரமாக நகர்ந்து நகர்ந்து வெளியே ஓடுவாள். ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். ஏழாம் வாய்ப்பாட்டில் இன்றைக்கும் தடுக்கும். அன்று சுவருக்கு இந்தப் பக்கம் எனக்கு என்னவோ நிம்மதியாக இருந்தது.

ஹவில்தார் அதைத் தன் சட்டமாகவே வைத்துக்கொண்டார்.

"மனுசன்னா தப்பு பண்ணுவான்டா கச்சால். நீ வந்தன்னிக்கு பீடி நீட்டுனே பாரு, அப்பவே முடிவு பண்ணிட்டேன். இவன் மனுசன்தான். அது வந்திருந்தா தோஸ்த்துன்னு டக்குனு சொல்லியிருக்கும்."

இது விளையாட்டா நிஜமா என்று அவர் முகத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. ஆனால் நான் பார்த்தவரையில், அந்தப் பிளாஸ்டிக் நாற்காலியைக் கதவைப் பார்த்துத்தான் போடுவார். கதவுக்கு முதுகு காட்டி அவர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. அவர் கதவின் கொக்கி பெரியது. கப்பல் வந்து நிற்கும் ஜெட்டியில் கிடந்த இரும்பை வளைத்து அவரே செய்தது.

ஒரு பொங்கலுக்கு வரிசை முழுவதும் வெளியில் கூடியிருந்தோம். வதினா அவரைச் சீண்டினார். "கேக்கறியே கோன் ஆத்தா ஹை, கோன் ஆத்தா ஹைன்னு! உங்க பொண்டாட்டி இன்னா சொல்வாங்க இதுக்கு?"

எல்லோரும் பயந்துவிட்டோம். ஆனால் அன்று அவர் சிரித்தார்.

"அவளா? உன் ஆத்தாதான் வர்றா, கொக்கிய எடுன்னுவா." கொஞ்சம் நிறுத்தி, "பையன்தான் தமாசு. சின்னப் பையன், மாடு பிடிச்சுக் கட்டிட்டு வருவான். நான் உள்ள நின்னு, தம், கோன் ஆத்தா ஹைன்னு கேப்பேன். தோஸ்த்துன்னு சொல்லத் தெரியாது. தோசைன்னுவான். ஒருநாள் இல்ல, தினமும். தோசை! அவ அடுப்பாண்டயிருந்து, தோசை உள்ளதான் இருக்குது, அதை உள்ள விடுங்கன்னு கத்துவா."

வதினா சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். வரிசை முழுக்கச் சிரித்தது. அவருக்கு ஒரு மகன் இருந்தான் என்பதே பிறகு வந்த எங்களுக்கு அன்றுதான் தெரியும்.

மிச்சத்தைப் பழைய ஆட்கள் சொன்னார்கள். வளர்ந்ததும் பையனுக்குத் தோப்பு பிடிக்கவில்லை. அப்பாவோடு சண்டை போட்டுக்கொண்டு மெயின்லேண்டுக்குக் கப்பல் ஏறிவிட்டான். சில வருஷம் கழித்துக் கப்பலில் வந்த யாரோ ஒருவர், சென்னைப் பக்கம் லாரியில் அடிபட்டுச் செத்தது உங்கள் பையன் மாதிரி இருந்தது என்று சொல்லிவிட்டுப் போனார். மனைவி அதை நம்பவே இல்லை. கடைசிவரை பகலில் கதவைச் சாத்தமாட்டாராம். இவர் நம்பினார். வாழ்நாளில் தப்பு எங்கே என்று கேட்காமல் அவர் நம்பிய சேதி அது ஒன்றுதான்.

தொடரில் இரண்டாவது சீசன் முடியும் சமயம். ஜெட்டியில் கப்பல் வந்து நின்ற அன்று, ஒரு ஆள் பையோடு எங்கள் வரிசைக்கு வந்தான். என் வயதுதான் இருக்கும். தாடி. ஒரு கால் கொஞ்சம் இழுத்தது. நேராகக் கடைசி அறைக்குப் போய்க் கதவைத் தட்டினான்.

"அப்பா. நான்தான்."

உள்ளே டிவி நின்றது.

"தம்! கோன் ஆத்தா ஹை?"

"தோஸ்த்" என்றான் அவன். டக்கென்று சொன்னான்.

கதவு கொஞ்சம் திறந்தது. அந்த ஒற்றைக் கண் அவனை ரொம்ப நேரம் பார்த்தது. மூக்கும் நெற்றியும் அப்படியே ஹவில்தார்தான். சுற்றி நின்ற எங்களுக்கே தெரிந்தது.

"சாயல் இருக்குது" என்றார். "சாயல்தானே அதுக்கு வேணும்." கதவைச் சாத்திக் கொக்கியை மாட்டினார்.

அவனுக்குப் போக இடமில்லை. யாரும் சொல்லாமலே என் அறைக்கு முன்னால் பையை வைத்துவிட்டு உட்கார்ந்தான். நான் பாயை விரித்தேன். அடுத்த கப்பல் கிளம்பும் நாள் வரைக்கும் அவன் என்னோடுதான் இருந்தான். அப்பாவுக்கும் மகனுக்கும் நடுவில் ஒரு தகரம். அவர் கஞ்சியில் கரண்டி விடுகிற சத்தம் அவனுக்குக் கேட்கும். சாப்பிடாமல் அதைக் கேட்டுக்கொண்டு இருப்பான். லாரியில் அடிபட்டது நிஜம்தானாம். சாகவில்லை, அவ்வளவுதான். கடலோரக் குடியிருப்பே போய்விட்டது என்று கேள்விப்பட்டு, அப்பா அம்மா இரண்டு பேரும் போய்விட்டார்கள் என்று நினைத்திருக்கிறான். கேம்பல் பேயிலிருந்து வந்த ஒருவர், "ஹவில்தார் இருக்காரே, கதவைத்தான் திறக்கமாட்டாரு" என்று சொல்லித்தான் தெரிந்ததாம்.

தினம் காலையில் போய் நிற்பான். கதவு திறக்காது. உள்ளேயிருந்து கேள்வி வரும்.

"நம்ம சிவப்பு மாட்டுக்கு எந்தக் கொம்பு ஒடைஞ்சது?"

"இடது கொம்பு. பலா மரத்துல முட்டி."

"உங்கம்மா கையில தீப்பட்ட தழும்பு எங்க?"

"வலது மணிக்கட்டு. உள்பக்கம்."

"கிணத்தடியில எத்தினி பாக்கு?"

அதையும் சொன்னான். எல்லாமே சரி. ஒவ்வொரு பதிலுக்கும் உள்ளே இருந்த குரல் இன்னும் கெட்டியாகிக்கொண்டே போனது. ஒருநாள் அவன் ஜெட்டிப் பக்கம் போயிருந்தபோது ஹவில்தார் என்னைச் சந்து வழியாகக் கூப்பிட்டார்.

"பாத்தியாடா? ஒண்ணுகூடத் தப்பில்ல. எனக்கே கொம்பு மறந்துபோச்சு. இத்தினி வருசம் கழிச்சு எவனுக்குடா இவ்ளோ ஞாபகம் இருக்கும்?"

"அங்க தனியா இருக்கறப்போ தினமும் இதையேதான் நெனைச்சுக்கிட்டு இருப்பேன்னு சொன்னாருங்க."

"அதுவும் அப்படித்தான்டா சொல்லும்."

அன்று என் அறைக்குத் திரும்பியபோது அவன் சட்டையை மடித்து வைத்துக்கொண்டிருந்தான். மடிப்பு கொஞ்சமும் கோணாமல் இருந்தது. நான் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். "என்ன?" என்றான். ஒன்றுமில்லை என்றேன். அந்த ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேருமாகச் சுவரில் சாய்ந்து தொடர் கேட்டோம். இரண்டாவது சீசன் கடைசி வாரம். அந்தச் சீசனில் அது வெளியிலிருந்து வராது. முதலிலிருந்தே வீட்டுக்குள் இருக்கும் ஒருவர்தான் அது. யார் என்று கடைசிவரை தெரியாது. ஜீப் ஓட்டும் கொழுந்தனையே டாக்டர் அம்மாள் சந்தேகப்படுகிற இடம் வந்தது. நான் மெதுவாக அவனைப் பார்த்தேன். அவன் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

வதினாவுக்குத்தான் பொறுக்கவில்லை. பஜ்ஜிக் கரண்டியோடு வந்து ஹவில்தார் கதவின் மேல் தட்டினார்.

"உனக்குப் பேய்மேல பயம் இல்ல, பெரியவரே! இவன் உன் பையன்னு ஆயிட்டா, அவன் சாகலன்னு உன் பொண்டாட்டி சொன்னது நிஜம் ஆயிடும். அதுக்குத்தான் பயம்!"

உள்ளே கொக்கியை இன்னும் அழுத்தி மாட்டும் சத்தம் மட்டும் வந்தது. தம் என்றுகூடக் கேட்கவில்லை.

கப்பல் கிளம்புகிற அன்று காலை. அவன் பையைத் தோளில் மாட்டிக்கொண்டான். என்னிடம், "வரேன்" என்றான். இந்தக் கப்பலில் போனால் இனி வரமாட்டான் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது. வரிசையில் ஆட்கள் வெளியே வந்து நின்றார்கள். போகும்போது ஒரு தடவை கதவைத் தட்டினான். ஒன்றும் சொல்லாமல் தட்டினான்.

"தம்! கோன் ஆத்தா ஹை?"

அவன் தலையைக் குனிந்துகொண்டு நின்றான். காலை மாற்றி வைத்தான். பிறகு கோபமாகத்தான் சொன்னான்.

"தோசை."

பையைத் தோளில் இன்னும் மேலே ஏற்றிக்கொண்டான். "தோசைப்பா. போதுமா? நான் வரேன்."

அவன் திரும்பி நாலு எட்டு வைத்திருப்பான். கொக்கி கீழே விழுந்த சத்தம் கேட்டது. அவர் எடுத்து வைக்கவில்லை, கை நழுவி விழுந்துவிட்டது. கதவு முழுக்கத் திறந்தது. தட்டிய ஒருவருக்காக அந்தக் கதவு முழுக்கத் திறந்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. ஹவில்தார் பனியனோடு நின்றுகொண்டிருந்தார். கட்டையான மனிதர். அந்தக் கதவுச் சட்டத்துக்குள் அன்று இன்னும் குட்டையாகத் தெரிந்தார்.

"தோசை இல்லடா" என்றார். வாய் கோணியது. "உப்புமாதான் இருக்குது. வா."

மறுநாள் நான் தண்ணீர் பிடிக்கப் போனபோது குழாயடியில் அவர் எனக்காகக் காத்திருந்தார்.

"நீ சொல்லிக் குடுத்தியாடா?"

"என்னதுங்க?"

"தோசை."

"இல்லீங்க ஐயா. சத்தியமா இல்லீங்க."

பக்கத்தில் வந்து என் காதைப் பார்த்தார். பொய் சொன்னால் காது சிவக்கும் என்பது அவருடைய இன்னொரு சட்டம். எனக்கு யார் பக்கத்தில் வந்து பேசினாலும் காது சிவக்கும். அது அவருக்குத் தெரியும். அதனால் என்ன முடிவுக்கு வருவது என்று தெரியாமல் நின்றார். பிறகு எதிர் வரிசையைப் பார்த்தார். வதினா வாசல் பெருக்கிக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும் ஏனோ உள்ளே போய்விட்டார்.

"அன்னிக்குப் பொங்கலுக்கு எல்லாரும் கேட்டாங்க இல்ல?" என்றார்.

"ஆமாங்க."

"யார் வேணா சொல்லியிருக்கலாம்."

"ஆமாங்க."

குடத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டார். வதினாவிடம் அவர் கேட்டாரா என்று எனக்குத் தெரியாது. நானும் கேட்டதில்லை. நான் சொல்லவில்லை என்பது மட்டும்தான் எனக்கு நிச்சயம். அந்த வாரம் முழுக்க அவர் மகனைப் பார்த்துக்கொண்டே இருந்தார். சோற்றை எப்படிப் பிசைகிறான், எந்தப் பக்கம் திரும்பிப் படுக்கிறான் என்று. அவன் கொக்கியை மாட்டும்போது ஒரு தடவை விரலை நசுக்கிக்கொண்டான். "அய்யோ" என்று அவன் கத்தியதைவிட, "நல்லது, நல்லது" என்று அவர் சொன்னதுதான் எனக்குச் சத்தமாகக் கேட்டது.

கொஞ்ச நாள் போனது. மூன்றாவது சீசன் ஆரம்பித்தது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். மகன் சாப்பிட்டுவிட்டுப் படுத்திருந்தான். அவன் குறட்டை தகரத்தில் வந்து மோதியது. டிவியில் அந்தப் பழைய பாட்டு வந்தது. நான் என் இடத்தில் சாய்ந்து உட்கார்ந்தேன். முதல் காட்சியிலேயே ஒரு வீடு. கதவு தட்டும் சத்தம். ஒரு கிழவர் திரும்பி வருகிறார். மருமகள் பெயரைத் தப்பாகச் சொல்கிறார். டம்ளரைத் தட்டிவிடுகிறார். வீட்டில் எல்லோரும் சிரிக்கிறார்கள், அழுகிறார்கள், மனிதர்தான் என்று உள்ளே கூட்டிப்போகிறார்கள். பிறகு ஜீப் வந்து நிற்கும் சத்தம். டாக்டர் அம்மாளின் குரல். எப்போதும் பதறாத குரல் அது. அன்று பதறியது.

"அப் வோ கல்தி கர்னா சீக் கயா ஹை."

இப்போது அது தப்புச் செய்யவும் கற்றுக்கொண்டுவிட்டது.

நாற்காலி இழுபடும் சத்தம். டிக் என்று ஒரு சத்தம். டிவி நின்றுவிட்டது.

அந்தப் பக்கம் மின்விசிறியும் குறட்டையும் மட்டும்தான். கரண்ட் போகவில்லை, என் பல்பு எரிந்துகொண்டிருந்தது. ரொம்ப நேரம் கழித்துக் கதவு திறந்தது. ஹவில்தார் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்து, கடலைப் பார்த்துப் போட்டு உட்கார்ந்தார். பின்னால் கதவு திறந்தே கிடந்தது. உள்ளே மகன் தூங்கிக்கொண்டிருந்தான். இவர் முதுகு அவன் பக்கம் இருந்தது.

நான் என் வாசலுக்கு வந்து நின்றேன். கேட்காமல் இருக்கமுடியவில்லை.

"ஐயா, கதை என்னாச்சுங்க?"

"எந்தக் கதை?"

"டாக்டர் அம்மா... அது தப்பு செய்யக் கத்துக்கிச்சுன்னு..."

"அதுவா." கடலையே பார்த்தார். "இதுக்கு மேல நல்லா இருக்காதுடா. இழுப்பானுங்க. மொதல் ரெண்டு சீசனோட நிறுத்தியிருக்கணும்."

உள்ளே குறட்டை ஒரு நிமிஷம் நின்று, புரண்டு படுக்கும் சத்தம் கேட்டு, மறுபடி தொடங்கியது. அவர் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்கவேண்டும் என்று கழுத்து நினைத்தது, எனக்குத் தெரிந்தது. ஆனால் பார்க்கவில்லை.

"டேய் கச்சால்."

"ஐயா."

"தம் இருக்குதா?"

எனக்கு ஒரு நொடி புரியவில்லை. நில்லு என்கிறார் என்று நினைத்து அப்படியே நின்றுவிட்டேன். அவர் இரண்டு விரலை உதட்டில் வைத்துக் காட்டினார். என் மடியில் பீடி தீர்ந்துபோயிருந்தது. போய், அவர் கதவுச் சட்டத்தின் மேல் தடவி, நான் வந்த அன்று நீட்டிய பீடியை எடுத்துக் கொடுத்தேன். நமுத்துப் போயிருந்தது. திருப்பிப் பார்க்காமல், ஒன்றும் கேட்காமல் வாயில் வைத்துக்கொண்டார்.